இயேசுவாக நடித்தவர்



லெந்து காலத்தின் இந்த வாரத்தில், உங்களில் பெரும்பாலோர் கேள்விப்பட்டிராத ஒரு பிரெஞ்சு நடிகரைக் குறித்து எழுத என் மனம் ஏவப்படுகிறது. அவருடைய பெயர் ரொபேர் லெ விகான். திரையுலக மனிதர் ஒருவருக்கு இந்தப் பக்கத்தில் என்ன இடம் என்று மூத்தோரில் சிலர் கேட்கக்கூடும். கொஞ்சம் பொறுமையாய் வாசியுங்கள். பேசும் படங்களின் காலம் பிறந்தபின், நம் ஆண்டவரின் பாடுகளைச் சொன்ன முதல் பெரிய திரைப்படத்தில் ஆண்டவராகவே நடித்தவர் அவர்.

அவர் 1900-ம் ஆண்டு ஜனவரி 7-ம் தேதி பாரிஸ் நகரில் பிறந்தார். தகப்பனார் ஒரு கால்நடை மருத்துவர். பெற்றோர் இட்ட பெயர் ரொபேர் கொக்கியோ. லெ விகான் என்பது மேடைக்காக அவரே தரித்துக்கொண்ட பெயர். நாடக மேடையில் பழகி, 1930-களின் தொடக்கத்தில் திரைக்கு வந்தார். கதாநாயகனாகும் முகம் அவருக்கு இல்லை. ஒடுங்கிய கன்னம், குழிந்த பெரிய கண்கள், நிலைகொள்ளாத கைகள். பத்து நிமிடம் வந்து போகிற பாத்திரமானாலும் படம் முடிந்தபின் பார்த்தவன் நினைவில் நிற்கிற முகம் அது. குணச்சித்திர நடிகர் என்று நாம் சொல்லுகிறோமே, அந்த வகையினர்.

அவருக்குக் கிடைத்த பாத்திரங்களைச் சற்று எண்ணிப்பாருங்கள். ழான் ரெனுவார் 1934-ல் எடுத்த 'மதாம் பொவாரி' படத்தில், கடனுக்குத் துணிகளைக் கொடுத்துக் கொடுத்தே ஒரு குடும்பத்தை நாசத்துக்கு நடத்துகிற வியாபாரி. மாக்சிம் கார்க்கியின் நாடகத்தைத் தழுவி அதே ரெனுவார் 1936-ல் எடுத்த படத்தில், குடியினால் தன் வசனங்களையெல்லாம் மறந்துபோய், கடைசியில் தூக்கிட்டுக்கொள்ளும் ஒரு நடிகன். மார்செல் கார்னே 1938-ல் எடுத்த, 'மூடுபனித் துறைமுகம்' என்று பொருள்படும் படத்தில், தான் காண்கிற எல்லாவற்றின் பின்னாலும் மரணத்தையே காண்கிற ஓவியன். தன் உடைகளையும் கடவுச்சீட்டையும் ஓர் ஓடிப்போன சிப்பாய்க்காக வைத்துவிட்டு அவன் கடலுக்குள் இறங்கிவிடுகிறான். மற்றொருவன் பிழைக்கும்படி தன் உடையையும் பெயரையும் விட்டுச்செல்லுகிற அந்தக் காட்சியை நான் பார்த்தபோது, பிரசங்கியின் வழக்கப்படி உடனே பரிகாரம் என்றும் பதிலாள் என்றும் சிந்தனை ஓடியது. பின்பு அதை நிறுத்திக்கொண்டேன். தற்கொலையைப் பலி என்று பேசிவிடலாகாது.

உடைந்த மனிதர்களை அவர் நடித்தால் அது நடிப்பாகத் தோன்றாது. அந்தத் தாலந்து மெய்யானது. இனி நான் எழுதப்போகிற எதுவும் அதை இல்லை என்று ஆக்காது.

இயக்குநர் ஜூலியன் துவிவியே 1935-ல் 'கொல்கொதா' என்னும் படத்தை எடுத்தார். குருத்தோலை ஞாயிறு தொடங்கி உயிர்த்தெழுதல் வரைக்குமான வாரம் அதன் கதை. வெளிப்புறக் காட்சிகளை அல்ஜீரியாவில் படம்பிடித்தார்கள். அங்கே எருசலேமின் மதில்களையும் வீதிகளையும் கட்டி, திரளான மக்களை நிறுத்தினார்கள். அதற்கு முன்பு மௌனப் படங்களில் நம் ஆண்டவர் பலமுறை காட்டப்பட்டதுண்டு. வாய் திறந்து பேசுகிறவராகக் காட்டுவது வேறு காரியம். எந்தக் குரலை அவருக்குக் கொடுப்பது? துவிவியே கொடுத்தது லெ விகானின் குரலை.

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு லெந்து காலத்து இரவில் அந்தப் படத்தைக் கணினியில், ஆங்கில எழுத்துவரிகளின் துணையோடு பார்த்தேன். தொடக்கத்தில் இயேசு தொலைவில்தான் தெரிகிறார். ஜனக்கூட்டமே கண்ணை நிரப்புகிறது. பிறகு அவர் நெருங்கி வருகிறபோது காண்பது காலண்டர்களில் நாம் பார்த்துப் பழகிய வெண்ணெய் போன்ற முகம் அல்ல. உபவாசித்து மெலிந்த ஒருவரின் முகம். வாரினால் அடிக்கப்படும் இடத்திலும், போர்ச்சேவகர் பரியாசம்பண்ணும் இடத்திலும் அவர் மிகக் குறைவாகவே நடிக்கிறார். தலை சற்றுத் தாழ்கிறது, அவ்வளவே. இயேசுவின் பாடுகளைக் காட்டும் படங்களில் பெரும்பாலானவை இரத்தத்தை மிகுதியாகச் சிந்தவைத்து நம்மை அழவைக்கப் பார்க்கும். இது அப்படிச் செய்யவில்லை என்பது என் எண்ணம். அன்றிரவு நான் வெகுநேரம் உறங்கவில்லை.

மறுநாள்தான் அந்தப் படத்தில் நடித்தவர்களுக்குப் பின்னாட்களில் நேர்ந்தது என்ன என்று தேடி வாசித்தேன். அந்த வாசிப்பே இந்தக் கடிதத்துக்குக் காரணம்.

அந்தப் படத்தில் பொந்தியு பிலாத்துவாக நடித்தவர் ழான் காபென், பிற்பாடு பிரான்ஸ் தேசத்தின் மிகப் பெரிய நட்சத்திரமானவர். ஏரோதாக நடித்தவர் ஹாரி பௌர். விக்டர் ஹியூகோவின் புகழ்பெற்ற நாவலை 1934-ல் படமாக்கியபோது ழான் வால்ழானாக நடித்தவர் இவரே. நம் மூத்தோருக்குச் சொல்வதானால், 1950-ல் 'ஏழை படும் பாடு' படத்தில் நாகையா அவர்கள் ஏற்ற அதே பாத்திரம்.

1940 ஜூன் மாதத்தில் ஜெர்மானியப் படைகள் பாரிஸுக்குள் நுழைந்தன. காபென் அமெரிக்கா சென்றார். ஹாலிவுட்டில் சுகமாய் இருந்திருக்கலாம். யாரும் அவரைக் குறைகூறியிருக்கமாட்டார்கள். அவரோ விடுதலைப் பிரான்சின் படையில் சேர்ந்து, நாற்பது வயதில் ஒரு பீரங்கி வண்டியின் தலைவனாய், 1945-ல் ஜெர்மனிக்குள் முன்னேறிய படையோடு சென்றார். ஹாரி பௌரை, யூதன் என்று சந்தேகம் கிளப்பி, 1942-ல் ஜெர்மானிய இரகசியப் போலீசார் கைதுசெய்தார்கள். அறுபது வயதைக் கடந்த அந்த மனிதரைச் சித்திரவதைக்கு உட்படுத்தினார்கள். விடுதலையாகி வெளியே வந்தவர் தேறவில்லை. 1943 ஏப்ரலில் மரித்தார்.

ஆம், பிலாத்துவாக நின்றவர் கொடுங்கோன்மைக்கு எதிராய் ஆயுதம் எடுத்தார். ஏரோதாக இருந்து பரியாசம்பண்ணியவர் கொடியோர் கையில் தாமே அடிபட்டார். இயேசுவாக நடித்தவர் என்ன செய்தார்?

ஆக்கிரமிப்பாளரோடு சேர்ந்துகொண்டார். அவர்கள் கையிலிருந்த பாரிஸ் வானொலியில் பேசினார். 1943-ல் ழாக் தோரியோ தலைமையில் இயங்கிய, ஹிட்லரை வெளிப்படையாய் ஆதரித்த கட்சியில் சேர்ந்தார். யூதர்மேல் அவருக்கு இருந்த பகை இரகசியமானதல்ல.

இதைச் சற்று நின்று யோசியுங்கள், பிரியமானவர்களே. 1942-ம் ஆண்டு ஜூலை 16, 17 ஆகிய இரண்டு நாட்களில் பாரிஸிலும் அதன் சுற்றுப்புறத்திலும் ஏறக்குறைய 13,000 யூதர்கள் வீடு வீடாகப் பிடிக்கப்பட்டார்கள். அவர்களில் 4,000-க்கும் மேற்பட்டோர் சிறு பிள்ளைகள். பிடித்தவர்கள் பிரெஞ்சுப் போலீசார். அது நடந்த மறு வருஷத்தில் அவர் அந்தக் கட்சியில் சேர்ந்தார். நாசரேத்தூர் யூதர் ஒருவரின் வஸ்திரத்தை உடுத்தி, அவருடைய வார்த்தைகளை மனப்பாடம் செய்து, அவருடைய சிலுவையைத் தோளில் சுமந்து காட்டிய ஒரு மனிதர், அதே யூத ஜனத்தை இரயில் வண்டிகளில் அடைத்து அனுப்பினவர்களின் பக்கத்தில் போய் நின்றார். பிரான்சிலிருந்து அவ்வாறு அனுப்பப்பட்டவர்கள் சுமார் 76,000 பேர். திரும்பியவர்கள் மிகச் சிலர்.

அவரைப் போலவே சிறுவேடங்களில் பேர்பெற்ற மார்செல் தாலியோ என்னும் நடிகரும் அக்காலத்தில் இருந்தார், வயதிலும் ஒத்தவர், பாரிஸில் பிறந்த யூதர். ஜெர்மானியர் வந்தபோது அவர் தப்பி ஓடினார். அவருடைய முகத்தையே, யூதனை இனங்கண்டுகொள்ளுங்கள் என்று காட்டும் சுவரொட்டிகளில் அச்சிட்டு நகரில் ஒட்டினார்கள். அவருடைய தாய் தகப்பன்மார் வதைமுகாமில் மடிந்தார்கள். 'கசபிளாங்கா' என்னும் அமெரிக்கப் படத்தைப் பார்த்தவர்கள் உங்களில் இருந்தால், சூதாட்ட மேசையருகே நிற்கும் பணியாளராக அவரைக் கண்டிருப்பீர்கள். தன் ஊரில் முதல் வரிசையில் இருந்தவருக்கு அங்கே பெயர்ப் பட்டியலில்கூட இடமில்லை.

பெரிய வெள்ளிக்கிழமைக்கு ஆயத்தப்படுகிற ஒரு போதகனாக இந்த இடத்தில் ஒன்றைச் சொல்லாமல் போக முடியவில்லை. பாடுகளின் கதையைச் சொன்ன விதமே இந்தப் பகைக்கு நூற்றாண்டுகளாய் எண்ணெய் ஊற்றியிருக்கிறது. ஐரோப்பாவின் எத்தனையோ ஊர்களில், சிலுவைப் பிரசங்கம் கேட்டுவிட்டு ஆலயத்தைவிட்டு வெளியேறியவர்கள் யூதர் தெருவுக்குள் கல்லோடு போனார்கள். கத்தோலிக்க சபை அந்தப் பழியை யூத ஜனத்தின்மேல் சுமத்தலாகாது என்று 1965-ல்தான், இரண்டாம் வத்திக்கான் சங்கத்தின் அறிக்கையில், தெளிவாய் அறிவித்தது. 'கொல்கொதா' படத்திலும் ஆலயத் தலைவர்கள் காட்டப்படும் விதம் எனக்கு நெருடலாகவே இருந்தது. ஆகையால் லெ விகானுடைய வீழ்ச்சியை ஒரு தனிமனிதனின் விநோதமான முரண்பாடு என்று மட்டும் கொள்ள என்னால் இயலவில்லை. இயேசுவை அவருடைய ஜனத்திலிருந்து பிரித்தெடுத்து, நம் ஊர்க்காரராக, நம் சாதிக்காரராகவே ஆக்கிக்கொள்ளும் பழக்கம் அவருக்கு முன்பே நெடுங்காலம் இருந்தது. நமக்கும் அது அந்நியமல்ல.

கதை இன்னும் முடியவில்லை. 1943-ல் கார்னே தம்முடைய மிகப்பெரிய படத்தைத் தொடங்கினார். 'சொர்க்கத்தின் பிள்ளைகள்' என்பது அதன் பெயருக்குப் பொருள். இங்கே சொர்க்கம் என்பது பழைய நாடக அரங்குகளில் ஏழைகள் உட்காரும் உயரமான மேல்தட்டு. அதில் லெ விகானுக்குக் கிடைத்த வேடம், பழைய துணி விற்றுக்கொண்டு ஊரார் இரகசியங்களைச் சுமந்து திரியும் ஒரு காட்டிக்கொடுப்பவன். பாத்திரத்தின் பெயர் எரிகோ. அந்தப் படத்தின் அரங்க அமைப்பில் உழைத்த அலெக்சாந்தர் த்ரோனேரும், இசையில் பங்குகொண்ட ஜோசப் கொஸ்மாவும் யூதர்கள். மறைந்திருந்து, வேறொருவர் பெயரின் நிழலில் அவர்கள் வேலைசெய்தார்கள். ஒரே படத்துக்காக ஒளிந்திருந்தவர்களும், அவர்களை வேட்டையாடினவர்களின் கட்சிக்காரரும் உழைத்தார்கள். அவர் நின்று நடித்த வீதியின் முகப்புகளில் ஒளிந்திருந்த ஒரு யூதரின் கைவண்ணம் இருந்தது.

1944-ல் நேச நாடுகளின் படைகள் நெருங்கியபோது, லெ விகான் படத்தைப் பாதியில் விட்டு ஜெர்மனிக்கு ஓடினார். அவர் நடித்த பகுதிகளைப் பியேர் ரெனுவார் என்னும் நடிகரைக்கொண்டு மீண்டும் எடுத்தார்கள். 1945 மார்ச்சில் அந்தப் படம் வெளியானபோது பாரிஸ் விடுதலையாகியிருந்தது. தலைசிறந்த பிரெஞ்சுப் படங்களில் ஒன்று என்று இன்றும் அதைக் கொண்டாடுகிறார்கள். அவர் அதில் இல்லை.

ஓடிப்போன வழியில் அவருக்குத் துணையாயிருந்தவர் செலின் என்னும் எழுத்தாளர். யூதருக்கு விரோதமான மிகக் கொடிய நூல்களை எழுதினவர். செலினும் அவருடைய மனைவியும் லெ விகானும், கூடவே பெபேர் என்ற பூனையும். அந்தப் பூனை முதலில் லெ விகான் வளர்த்தது. குண்டுகள் விழுந்துகொண்டிருந்த ஜெர்மனியைக் குறுக்காய்க் கடந்து, தோற்றுப்போன பிரெஞ்சு அரசின் மிச்சங்கள் ஒதுங்கியிருந்த சிக்மாரிங்கன் கோட்டை நகரில் அவர்கள் தங்கினார்கள். ஒரு பூனையைக் காப்பாற்ற இத்தனை பாடுபட்ட இருதயத்தில், இழுத்துச் செல்லப்பட்ட பிள்ளைகளுக்கு இடமில்லாமற்போனது எப்படி என்ற கேள்வியோடு வெகுநாள் இருந்தேன். மனித இருதயத்தைக் குறித்து எரேமியா எழுதினதைவிட நல்ல விடை எனக்குக் கிடைக்கவில்லை.

போர் முடிந்தபின் அவர் பிடிபட்டார். 1946 நவம்பரில் பாரிஸ் நீதிமன்றம் தீர்ப்பளித்தது: பத்தாண்டுக் கடின உழைப்புத் தண்டனை, சொத்துப் பறிமுதல், குடியுரிமைகளைப் பறிக்கும் தேசிய அவமதிப்புத் தீர்ப்பு. சக நடிகர் சிலர் அவருக்காகப் பரிந்து பேசியதும் உண்டு. அவர் எத்தகைய கலைஞன் என்பதை அவர்கள் அறிந்திருந்தார்கள். சில ஆண்டுகளில் நிபந்தனையோடு விடுவிக்கப்பட்டார். முதலில் ஸ்பெயினுக்கும், பின்பு அர்ஜென்டினாவுக்கும் சென்றார். அங்கே விரல்விட்டு எண்ணத்தக்க சில படங்கள். பிறகு அதுவும் நின்றுபோயிற்று.

உங்களில் சிலர் இப்போது ஒரு வார்த்தையை நினைத்திருப்பீர்கள். நம்முடைய வேதாகமத்தில் 'மாயக்காரர்' என்று வருகிறதே, மத்தேயு 6-ம் அதிகாரத்திலும் 23-ம் அதிகாரத்திலும் ஆண்டவர் திரும்பத் திரும்பச் சொல்லுகிற அந்த வார்த்தை, கிரேக்க மூலத்தில் 'ஹுப்போக்ரிட்டேஸ்'. நாடக மேடையில் வேஷந்தரித்து நடிப்பவனுக்கு அந்நாளில் வழங்கிய சாதாரணப் பெயர் அது. இறையியல் கல்லூரியில் கிரேக்கம் கற்ற முதல் வருஷத்திலேயே இதைச் சொல்லித் தந்தார்கள். வார்த்தையில் முதலில் பழி ஏதும் இல்லை. தச்சன், கொல்லன் என்பதுபோல் ஒரு தொழிலின் பெயர். பழி எங்கே வந்தது என்றால், மேடை இல்லாத இடத்தில், தெருச் சந்தியிலும் ஜெப ஆலயத்திலும், பார்ப்பவர்களுக்காக ஒருவன் நடிக்கத் தொடங்கும்போது வந்தது.

இந்த அளவுகோலின்படி லெ விகானை மாயக்காரர் என்றும் சொல்ல முடியவில்லை, கவனித்தீர்களா? அவர் தொழிலால் நடிகர். தன்னைப் பரிசுத்தவான் என்று அவர் யாரையும் நம்பவைக்கவில்லை. வேஷம் முடிந்தது, கழற்றி வைத்தார், வீட்டுக்குப் போனார். அவருடைய பகையைக்கூட அவர் மறைத்துவைக்கவில்லை. கிறிஸ்துவின் வார்த்தைகளைக் கூலிக்காகப் பேசினார். அவை அவருக்குள் தங்க வேண்டும் என்று ஒப்பந்தத்தில் எழுதியிருக்கவில்லை.

என்னுடைய ஒப்பந்தத்தில் எழுதியிருக்கிறது. ஒவ்வொரு மாதமும் திருவிருந்து மேசையண்டை நின்று, அப்பத்தைக் கையில் எடுத்து, அந்த இராத்திரியில் அவர் சொன்னவற்றை அவருடைய இடத்தில் நின்று என் வாயால் உங்களுக்குச் சொல்லுகிறவன் நான். அங்கியும் உண்டு, வசனமும் உண்டு, பார்ப்பவர்களும் உண்டு. லெ விகான் அதை ஒரு படத்துக்காகச் செய்தார். நான் இருபத்தைந்து ஆண்டுகளுக்கு மேலாகச் செய்து வருகிறேன். அந்த மேசையை விட்டு இறங்கி, சபைக் கமிட்டிக் கூட்டத்திலோ, கல்லறைத் தோட்டத்தில் யாருக்கு எங்கே இடம் என்னும் விவாதத்திலோ நான் எந்தப் பக்கத்தில் நிற்கிறேன் என்பதை நீங்கள் பார்க்கிறீர்கள். பார்க்கவும் வேண்டும்.

ஞானஸ்நானத்தில் கிறிஸ்துவைத் தரித்துக்கொண்டோம் என்று கலாத்தியருக்குப் பவுல் எழுதினபோது பயன்படுத்தியதும் உடை உடுத்துவதற்கான வினைச்சொல்லே. வேஷத்துக்கும் தரிப்புக்கும் உள்ள வேறுபாடு என்ன? உடுத்திப் பார்த்த அன்று ஒன்றும் தெரியாது. ஊருக்குள் அந்நியப்படை வந்து, அடுத்த வீட்டுக் கதவைத் தட்டுகிற நாளில்தான் தெரியவரும்.

நம் வாலிபர் சங்கத்தார் இவ்வருஷமும் பெரிய வெள்ளிக்கிழமையில் பாடுகளின் நாடகத்தை அரங்கேற்ற விரும்புகிறார்கள். இயேசுவாக நடிக்க யார் தகுதி என்று என்னிடம் வந்து கேட்டார்கள். குரல் நன்றாயிருக்கிறவனா, உயரமானவனா, ஒழுங்காய் ஆலயத்துக்கு வருகிறவனா என்று. பிலாத்துவுக்கும் ஏரோதுக்கும் ஆள் பிடிப்பதே சிரமமாயிருக்கிறதாம். யாரும் அந்த வேடங்களை விரும்புவதில்லையாம். அவர்களுக்கு நான் காபெனையும் பௌரையும் பற்றிச் சொன்னேன். மறுவாரமே பிலாத்துவுக்கு இருவர் முன்வந்தார்கள்.

லெ விகான் தம் கடைசி ஆண்டுகளை அர்ஜென்டினாவில், தாந்தில் என்னும் மலையோர ஊரில் வறுமையில் கழித்து, 1972 அக்டோபர் 12-ம் தேதி அங்கேயே மரித்தார். அவர் உள்ளத்தில் கடைசியில் என்ன நடந்தது என்பதன் கணக்கு என்னிடத்திலும் இல்லை, உங்களிடத்திலும் இல்லை, நியாயாசனம் வேறொருவருடையது. ஆனால் அந்த ஊரைப் பற்றி ஒரு செய்தி உண்டு. அங்கே ஒரு குன்றின்மேல் 1940-களில் சிலுவைப்பாதை அமைத்து, ஒவ்வொரு நிலையத்துக்கும் சிலைகள் நிறுத்தி, உச்சியில் பெரிய சிலுவை ஒன்றை எழுப்பினார்கள். பரிசுத்த வாரத்தில் தூரதேசங்களிலிருந்தும் யாத்திரிகர் வந்து அதன் படிகளில் ஏறுகிறார்கள். கல்வாரி மலை என்பது அதன் பெயர். இயேசுவாக நடித்தவர் வயதாகி அந்தக் குன்றின் ஊரிலேயே இருந்தார்.

வரும் ஞாயிறு ஆராதனைக்கு வாசிப்பு லூக்கா 23:32 முதல் 43 வரை. வீட்டில் ஒருமுறை சத்தமாய் வாசித்துவிட்டு வாருங்கள்.